விரல் தொடாமல் விழும் ‘லைக்’

கைப்பேசியைத் தொடுவார் ஒருவருமின்றியே அதன் திரையில் ஒரு பொத்தான் அழுந்துவதும், முன்பின் அறியாத ஒருவருடைய படத்திற்கு ‘லைக்’ விழுவதும், அதன் கீழ் ‘அருமை’ என்றொரு பாராட்டு பதிவாவதும் இன்று அதிசயமல்ல. இன்ன வேளையில் இன்னது செய் என்று எழுதிவைத்த சில வரி ஸ்கிரிப்ட், உடையவர் உறங்கும்போதும் இக்காரியங்களைச் சலிப்பின்றி நடத்திக்கொண்டிருக்கும்.

இதைச் சாதிக்கும் வழிகளுள் எளியது, கைப்பேசியைக் கணினியோடு கம்பியால் இணைத்து, திரையின் இன்ன புள்ளியைத் தொட்டதாகக் கொள் என்று ஆணையிடுவது. செயலியின் தோற்றம் சற்று மாறினாலும் குறி தவறிவிடும் என்பதே அதன் குறை. நுட்பமான வழியோ, பார்வையற்றோருக்கென்று பிறந்த ஒரு வசதியின் மூலம் நடைபெறுவது. 2009-ஆம் ஆண்டின் ஆண்ட்ராய்டு 1.6 பதிப்பிலேயே இடம்பெற்ற ‘ஆக்சஸிபிலிட்டி’ சேவை, திரையிலுள்ள பொத்தான் எது, எழுத்து எது, படம் எது என்பதையெல்லாம் ஒழுங்காக வகுத்துக் கொடுக்க, ‘டாக்பேக்’ என்னும் செயலி அதை உரக்கப் படித்துக் காட்டுகிறது. 2016-இல் வந்த ஆண்ட்ராய்டு 7 முதல், விரலின் அசைவுகளையே அச்சேவை தானாக நிகழ்த்தவும் வல்லதாயிற்று. கண்ணிழந்தவருக்குக் கண்ணாகவும், கை நடுங்குபவருக்குக் கையாகவும் நின்று உபகாரம் செய்யும் இச்சாதனமே, ஸ்கிரிப்டுக்கும் கண்ணும் கையுமாகிறது.

கடை எத்தனை மணிக்குத் திறக்கும் என்று ஓயாமல் கேட்பவர்களுக்குத் தானாகவே பதில் போகும்படி ஒரு வியாபாரி ஏற்பாடு செய்துகொண்டால் அதில் தோஷமில்லை. கேட்டவருக்கு வேண்டியது விவரமே. ஆனால் ‘லைக்’ என்பது, ஒரு மனிதர் தம் கவனத்தில் ஒரு கணத்தையேனும் மற்றொருவருக்காகச் செலவிட்டார் என்பதற்கு அத்தாட்சி. அந்தக் கணம் செலவாகாதபோது அத்தாட்சி பொய்யாகிறது. இந்தப் பொய் ஒரு வியாபாரமாகவே வளர்ந்து, 2017-இல் தாய்லாந்தின் கம்போடிய எல்லையருகே ஒரு வீட்டில், நூற்றுக்கணக்கான கைப்பேசிகளையும் லட்சக்கணக்கான சிம் அட்டைகளையும் போலீசார் கைப்பற்றுமளவுக்குப் போயிற்று. இன்ஸ்டாகிராம் நிறுவனமும் 2018 நவம்பரில், இத்தகைய போலி ‘லைக்’குகளையும் பின்தொடர்தல்களையும் கண்டறிந்து நீக்கப்போவதாக அறிவித்தது. மனிதர் தயங்குவர், திரும்புவர், பாதியில் விட்டுப் போவர். யந்திரமோ சீராகத் தட்டிக்கொண்டேயிருக்கும். அந்தச் சீரே அதைக் காட்டிக்கொடுக்க, ஸ்கிரிப்ட் எழுதுவோர் இடைவெளிகளைத் தாறுமாறாக்கி மனிதரின் தயக்கத்தையும் நடிக்கச் செய்கிறார்கள்.

எனக்கு மிகுந்த வருத்தம் தருவது வேறொன்று. திரையைப் படிக்க வல்ல சேவை கடவுச்சொல்லையும் வங்கிக் கணக்கையும் கூடப் படிக்க வல்லதாகையால், திருட்டுச் செயலிகளும் இவ்வழியே நுழைந்தன. அதனால் கூகுள், 2022-இல் வந்த ஆண்ட்ராய்டு 13 பதிப்பில், பிளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து கோப்பாக இறக்கி நிறுவும் செயலிகளுக்கு இச்சேவைக்கான அனுமதி எளிதில் கிடைக்காதபடி தடை வைத்தது. பிறருடைய துஷ்பிரயோகத்தால் இவ்வாறு ஏறும் ஒவ்வொரு பூட்டும், உண்மையிலேயே இச்சேவை தேவைப்படுவோர்க்கும் ஒரு தடையாகிறது. ஆகவே வாசகர்கள், ஆயிரம் ‘லைக்’ சேர்த்துத் தருவதாகச் சொல்லும் எந்தச் செயலிக்கும் ஆக்சஸிபிலிட்டி அனுமதியை அளிக்க வேண்டாம். முன்பே அளித்திருந்தால், கைப்பேசியின் அமைப்புகளுக்குள் சென்று இன்றே அதை நீக்கிவிடுங்கள்.