படம் எடுக்கும்போது வரும் கூச்சம்



மண்டபத்தையும் பாம்பனையும் இணைக்கும் சாலைப்பாலம் 1988-இல் திறக்கப்பட்டது. சுற்றுலா வரும் மாணவர் கூட்டம் அதன்மேல் நின்று படம் எடுத்துக்கொள்ளாத நாள் அரிது. கீழே கடல், அருகே 2025-இல் திறக்கப்பட்ட புதிய இரயில் பாலம். அக்கூட்டத்தைச் சற்று உற்று நோக்குங்கள். ஒருவன் தோழனின் தோளுக்குப் பின்னே பதுங்குவான். ஒருத்தி காற்றில் கலைந்த கூந்தலைப் பத்தாம் முறையாகத் திருத்துவாள். வேறொருவன், "நீங்கள் நில்லுங்கள், நான் எடுக்கிறேன்" என்று கருவியைக் கையில் வாங்கிக்கொள்வான். அதைப் பெருந்தன்மை என்பர். பல்லாண்டு மாணவரோடு பழகிய நான் அதைக் கூச்சம் என்றே கருதுகிறேன். ஆண்டு முடிவில் பார்த்தால் அவன் முகம் ஒரு படத்திலும் இராது.

இக்கூச்சத்திற்குக் காரணம் என்ன? நம் முகத்தை நாம் நாள்தோறும் காண்பது கண்ணாடியில். அதில் இடப்பக்க வகிடு இடப்பக்கமாகவே தெரியும். எதிரே நிற்பவர்க்கோ அது வலப்பக்கம் தெரியும். முகத்தின் இரு பாதிகளும் முற்றும் ஒத்தவை அல்ல. ஆதலின் புகைப்படத்தில் உள்ள முகம் நமக்குச் சற்றே அயலாகத் தோன்றுகிறது. அமெரிக்க உளநூலார் மீட்டா, டெர்மர், நைட் ஆகிய மூவர் 1977-இல் வெளியிட்ட ஆய்வில், மாணவியரின் படங்களை உள்ளபடியும் இடவலம் மாற்றியும் அச்சிட்டுக் காட்டினர். படத்திற்கு உரியவர் பெரும்பாலும் கண்ணாடி உருவையே விரும்பினர். அவர்தம் தோழியரோ உள்ளபடி இருந்ததையே விரும்பினர். நீங்கள் வெறுக்கும் அந்த முகத்தைத்தான் உங்கள் நண்பர்கள் அறிவார்கள்!

மற்றொரு காரணம், எல்லார் கண்ணும் நம்மீதே என்னும் எண்ணம். கார்னெல் பல்கலைக்கழகத்தார் 2000-இல் வெளியிட்ட சோதனை சுவையானது. ஒரு பாடகரின் படம் பொறித்த, அணியவே நாணும் சட்டையை ஒரு மாணவனுக்கு அணிவித்து, பலர் இருந்த அறைக்குள் அனுப்பினர். ஏறத்தாழப் பாதிப்பேர் அதைக் கவனித்திருப்பர் என்பது அத்தகையோர் மதிப்பீடு. உண்மையில் கவனித்தவர் கால்பங்கினரே. குழுப்படம் கைக்கு வந்ததும் ஒவ்வொருவரும் முதலில் தேடுவது யாரை? தம்மைத்தானே!

ஆகவே, கருவியை வாங்கிக்கொள்ளும் நண்பனை விட்டுவிடாதீர்கள். அதை வழிப்போக்கர் ஒருவரிடம் கொடுத்து அவனையும் நடுவே நிறுத்துங்கள். ஒன்று, இரண்டு, மூன்று என எண்ணி எடுக்கும் படத்தில் முகங்கள் இறுகித்தான் இருக்கும். அது முடிந்ததும் அனைவரும் தளர்ந்து ஒருவரையொருவர் பார்த்துச் சிரிப்பார்கள்; அந்த நொடியில் இன்னொரு படம் எடுக்கச் சொல்லுங்கள்.