பவுடர் பூசாத முகங்கள்

ஆயர் தாவாரில் என் பாட்டி வீட்டுச் சுவரில் அவருடைய கல்யாணப் படம் தொங்குகிறது. அதில் இருப்பது பாட்டி என்று சொன்னால்தான் தெரியும். ஸ்டூடியோக்காரர் அப்பிய பவுடரும், பிறகு படத்தின்மேல் வண்ணம் தீட்டியவரின் கைவண்ணமும் சேர்ந்து, பால்மரம் வெட்டிக் கறுத்த முகத்தை ரோஜாப்பூ ஆக்கிவிட்டன.

சில வருடங்களுக்கு முன், தீபாவளி விடுமுறையில் பாட்டிக்கு 'வீடு' (1988) படத்தைப் போட்டுக் காட்டினேன். பாதி எழும்பிய வீட்டைப் பார்க்கத் தாத்தா சொக்கலிங்க பாகவதர் வருகிறார். சுவரைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறார். பாட்டி திடீரென்று கேட்டார்: "ஏய்யா, இவங்க யாருமே பவுடர் பூசலையா?"

அதை இயக்கி ஒளிப்பதிவும் செய்தவர் பாலு மகேந்திரா. மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்தவர். பள்ளிச் சுற்றுலா போன இடத்தில் டேவிட் லீன் என்ற ஆங்கில இயக்குநர் படம் எடுப்பதைப் பார்த்திருக்கிறார். லீன் "மழை" என்றதும் மழை கொட்டியதாம்! சினிமாதான் இனி என்று முடிவானது அங்கேதான் என்று அவரே பலமுறை சொல்லியிருக்கிறார்.

அந்தப் படம் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' (1957). நம் வாசகர்களுக்குக் கதை தெரிந்திருக்கும்: சயாம் மரண இரயில். 1942-43இல் மலாயாத் தோட்டங்களிலிருந்து ஆயிரமாயிரம் தமிழர்களை ஜப்பானியர் அங்கே கொண்டுபோனார்கள். பாட்டியின் அண்ணனும் போனார், திரும்பவில்லை. ஆனால் படம் வெள்ளைக்காரக் கைதிகளின் கதையைத்தான் சொல்கிறது. சிறந்த ஒளிப்பதிவு உட்பட ஏழு ஆஸ்கார் வாங்கிய அந்தப் படத்தில் நம் தோட்டத்து ஆட்களுக்கு இடமில்லை.

அந்தப் படப்பிடிப்பைப் பார்த்த பையன் பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து 1969இல் வெளியே வந்தார். மலையாளத்தில் 'நெல்லு' (1974), அதற்குக் கேரள அரசு விருது. அவரே இயக்கிய கன்னடப் படம் 'கோகிலா' (1977), தமிழில் 'மூன்றாம் பிறை' (1982), இரண்டுக்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது. மகேந்திரனின் 'முள்ளும் மலரும்', மணிரத்னத்தின் முதல் படம் 'பல்லவி அனு பல்லவி' ஆகியவையும் அவர் கேமராவில் பதிந்தவைதான்.

விருதைவிட எனக்குப் பெரிதாகத் தெரிவது அவருடைய துணிச்சல். அன்றைய படச்சுருளுக்கு வெளிச்சம் நிறைய வேண்டும். அதனால் விளக்குகளை அடுக்குவார்கள், முகத்தில் மாவு பூசுவார்கள். அவரோ ஜன்னல் வழியே வரும் வெயிலை நம்பினார். கணக்குத் தப்பினால் கறுத்த முகம் இருட்டோடு கரைந்துபோகும். சுருளைக் கழுவிப் பார்க்கும்வரை தப்பியது தெரியாது. இன்று கைப்பேசியில் ஒரே தட்டில் முகத்தை வெளுப்பாக்கும் நமக்கு அந்தப் படபடப்பு எங்கே புரியப்போகிறது? (வானொலிக்காரி எனக்கு முகப்பூச்சுக் கவலையே இல்லை என்பது வேறு விஷயம்.)

சின்னத்திரையையும் அவர் சின்னதாக நினைக்கவில்லை. 2000ஆம் ஆண்டை ஒட்டி, சன் தொலைக்காட்சியில் 'கதை நேரம்' என்று 52 சிறுகதைகளைப் படமாக்கினார். தேடிப் பிடித்துப் பாருங்கள். 2014 பிப்ரவரி 13இல் அவர் காலமானார்.

'வீடு' முடிந்ததும் பாட்டி தாத்தா வரும் காட்சியை மறுபடி போடச் சொன்னார். அவருடைய அண்ணனுக்கு ஒரு புகைப்படம்கூட இல்லை. பாகவதரைத் தொலைக்காட்சித் திரையில் விரலால் தொட்டுக் காட்டி, "அண்ணன் இந்த நிறம்தான்" என்றார்.