காடுன்னா காடு இல்லை: ஓர் அகராதிக் குறிப்பு

போன தீபாவளிக்கு மணியாச்சி போயிருந்தப்போ, அம்மா தன் சின்ன வயசுக் கதையைச் சொல்லச் சொல்ல போனில் பதிவு செய்தேன். அதை எழுத்தாக்கி, மகள் படிக்கட்டும் என்று ஒரு மொழிபெயர்ப்புச் செயலியில் போட்டேன். "விடியுமுன்ன காட்டுக்குப் போயிருவோம்" என்று அம்மா சொன்ன இடத்தில் 'ஃபாரஸ்ட்' என்று வந்தது. மகள் கேட்டாள்: "ஆச்சி வீட்டுப் பக்கத்துல புலி இருந்துச்சாப்பா?"

கரிசல் பக்கம் காடு என்றால் மானாவாரி நிலம். பருத்தியும் கம்பும் உளுந்தும் போடுகிற புஞ்சை. நிழலுக்கு ஒதுங்க ஒரு மரம் இருந்தால் பெரிசு. ஆனால் செயலியைத் திட்டிப் பயனில்லை. நானும் மென்பொருள் எழுதிப் பிழைக்கிறவன்தான். எழுத்தில் எது அதிகம் கிடைக்கிறதோ, அதைத்தான் அது படித்திருக்கும். அப்படியானால் நம்ம ஊர்ச் சொல் எந்த நோக்கு நூலில் இருக்கிறது?

முதலில் எல்லோரும் போகிற இடம் சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன். 1913-இல் வேலை தொடங்கி, 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகள், 1939-இல் அனுபந்தம். லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள். பிற்பாதி வேலைக்குப் பதிப்பாசிரியராக இருந்த வையாபுரிப் பிள்ளை நம்ம நெல்லைச் சீமைக்காரர். இன்று சிகாகோ பல்கலைக்கழகத்தின் இணையதளத்தில் காசில்லாமல் தேடலாம். மணியாச்சி ஸ்டேஷனில் வண்டிக்குக் காத்திருக்கும் நேரத்தில்கூட நான் பார்த்திருக்கிறேன்.

லெக்சிகனில் பலர் கவனிக்காத ஒன்று, பொருளுக்குப் பின்னால் வரும் சுருக்கக் குறிகள். இலக்கியச் சொல்லாக இருந்தால் மேற்கோள் நூலின் பெயர் இருக்கும். பேச்சு வழக்காக இருந்தால் எந்தப் பக்கத்து வழக்கு என்று குறி இருக்கும். யாழ்ப்பாணத்துக்கு ஒன்று, திருநெல்வேலிக்கு ஒன்று, இடம் சொல்லாமல் பொதுவாக 'உள்ளூர் வழக்கு' என்று ஒன்று. எங்கள் தொழில் பாஷையில் சொன்னால் இது ஒரு 'டேக்'. முழு உரையிலும் தேடும் வசதி இருப்பதால், திருநெல்வேலிக் குறியைப் போட்டுத் தேடினால் அந்தச் சொற்களை மட்டும் திரட்டிவிடலாம். செய்து பாருங்கள், நல்ல பொழுதுபோக்கு.

ஆனால் அந்தக் குறியில் ஒரு சிக்கல் இருக்கிறது. தூத்துக்குடி தனி மாவட்டமானது 1986-இல்தான். லெக்சிகன் காலத்துத் திருநெல்வேலிக்குள் தாமிரபரணிப் பாசன வயலும் உண்டு, கோவில்பட்டிக் கரிசலும் உண்டு. ஒரு பக்கம் நெல், இன்னொரு பக்கம் மானம் பார்த்த பூமி. இரண்டுக்கும் ஒரே முத்திரை! அதே சமயம் சாத்தூர்ப் பக்கக் கரிசல் 1910-இல் புதிய ராமநாதபுரம் மாவட்டத்துக்குப் போய்விட்டது. ஆக, ஆட்சி எல்லை வேறு, சொல்லின் எல்லை வேறு. மண்ணைப் பார்த்துக் குறி போட்டிருந்தால்தான் சரியாக வரும்.

அந்த வேலையைச் செய்தவர் பல்கலைக்கழகத்துக்காரர் இல்லை. இடைசெவல் விவசாயி கி. ராஜநாராயணன். நண்பர்களின் துணையோடு அவர் தொகுத்த கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதி 1982-இல் வெளிவந்தது. பிறகு பெருமாள்முருகன் கொங்குக்கும், கண்மணி குணசேகரன் நடுநாட்டுக்கும் தொகுத்தார்கள். மூவருமே கதை எழுதுகிறவர்கள் என்பதைக் கவனியுங்கள். சம்பளம் வாங்கும் அகராதிக் குழு எதுவும் இந்த வேலைக்கு முதலில் வரவில்லை.

இதில் கவலைப்பட ஒரு விஷயம் உண்டு. பொதுவான அகராதி எங்கும் கிடைக்கிறது, நுணுக்கமானது தேடி அலைய வேண்டியிருக்கிறது. நான் போன ஒரு நூலகத்தில் நோக்கு நூல் அலமாரி பூட்டிக் கிடந்தது. திறந்து பார்த்தபோது வட்டார அகராதி ஒன்றுகூட இல்லை. இத்தகைய நூல்கள் நாவல் மாதிரி விற்காது. உழைப்பு பல வருஷம், அச்சடிப்பது கொஞ்சம். நூலகங்கள் வாங்கினால்தான் மறுபதிப்பு வரும். மறுபதிப்பு நின்றால் சொல் நிற்கும். அச்சிலேயே இல்லாத சொல்லை எந்திரம் எங்கே போய்ப் படிக்கும்?

நாம் செய்யக்கூடியது இரண்டு. ஒன்று, 1948-ஆம் ஆண்டின் பொது நூலகச் சட்டப்படி சொத்து வரியோடு நூலக வரியும் கட்டுகிறோம். ஆகவே உங்கள் கிளை நூலகத்தில் இந்தப் புத்தகம் வேண்டும் என்று எழுதிக் கேளுங்கள். கேட்க ஆள் இருக்கிறது என்று தெரிந்தால்தான் வாங்குவார்கள்.

இரண்டு, வீட்டில் பெரியவர்கள் இருந்தால் ஒரு நோட்டுப் போடுங்கள். சொல், பொருள் மட்டும் போதாது. அந்தச் சொல் வரும் முழு வாக்கியம், சொன்னவர் ஊர், வயசு, செய்த வேலை, கேட்ட தேதி எல்லாம் வேண்டும். வாக்கியம் இல்லாத சொல் பாதிச் சொல்தான். 'காடு' என்று மட்டும் எழுதினால் மறுபடியும் புலிதான் வரும். "காட்டுல பருத்தி வெடிச்சுக் கெடக்கு" என்று எழுதினால் யாருக்கும் சந்தேகம் வராது.

என் நோட்டில் இதுவரை நாற்பத்தொரு சொல் சேர்ந்திருக்கிறது. "இதையெல்லாமா எழுதுவாக?" என்று அம்மா சிரிக்கிறாள். அம்மாவுக்கு எழுபத்தாறு வயசு. பொங்கலுக்கு மறுபடி போகணும்.