தங்கத்தைச் செதுக்கி எடுத்தது யார்?

கெய்ரோ அருகே எகிப்தின் பெரிய அருங்காட்சியகம் 2025 நவம்பர் 1 அன்று முறைப்படி திறக்கப்பட்ட பிறகு வந்த வாசகர் கடிதங்களில் ஒரு குழப்பம் மறுபடி மறுபடி தலைகாட்டுகிறது. துட்டன்காமனின் உள் சவப்பெட்டி மட்டுமே சுமார் 110 கிலோ தங்கம். அவனைவிடப் பல மடங்கு பெரிய அரசர்களின் மம்மிகள் கிடைத்திருக்கின்றன. அவர்களுடைய தங்கம் எங்கே? கொள்ளையர் கொண்டுபோனார்கள் என்பதே வழக்கமான பதில். அது பாதி உண்மைதான். மீதிப் பாதியை மட்டும் இங்கே பார்ப்போம்.

1881-இல் லக்சரின் மேற்குக் கரையில், தேர் எல்-பஹ்ரி மலையிடுக்கில் இருந்த ஒரே ஒளிவிடத்திலிருந்து இரண்டாம் ராம்செஸ் உட்படப் பல அரசர்களின் உடல்களை அதிகாரிகள் வெளியே எடுத்தார்கள். ஏறத்தாழ 3,000 ஆண்டுகளுக்கு முன், தீப்ஸ் நகர அமுன் கோயில் பூசாரிகள் அவர்களைப் பழைய கல்லறைகளிலிருந்து எடுத்து, புதுத் துணி சுற்றி, பெயரும் தேதியும் எழுதி இடம் மாற்றியிருந்தார்கள். அந்தக் குறிப்புகள் இதை அடக்கத்தைப் புதுப்பிக்கும் புண்ணியச் செயலாகவே சொல்கின்றன. ஆனால் மூன்றாம் துட்மோஸின் சவப்பெட்டி வேறு கதை சொல்கிறது. அதன் மேல் இருந்த பொன்தகட்டை வாய்ச்சியால் செதுக்கி எடுத்திருக்கிறார்கள். அங்கங்கே சிறு துணுக்குகளே மிச்சம். பெட்டியை உடைக்கவில்லை, எரிக்கவில்லை. ஒன்பதாம் ராம்செஸ் காலத்து விசாரணைப் பாப்பிரஸில் அமென்பனுஃபர் என்ற கல்தச்சன் தந்த வாக்குமூலத்தோடு இதை ஒப்பிட வேண்டும். சோபெகெம்சாஃப் அரசனின் கல்லறையில் தங்கத்தை உரித்தபின் சவப்பெட்டிகளுக்குத் தீ வைத்ததாக அவன் சொல்கிறான். பிடிபடுமோ என்ற அச்சத்தில் இருக்கும் திருடன் அப்படித்தான் செய்வான். தகட்டை மட்டும் நிதானமாகச் செதுக்கிவிட்டு, பெட்டியைத் திரும்பப் பயன்படும் நிலையில் விட்டுவைக்க அவகாசமும் அனுமதியும் வேண்டும். அவை இரண்டும் அரசு ஆட்களிடம்தான் இருந்தன.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. பூசாரிகள் நிஜமாகவே உடல்களைப் பேணினார்கள். மூன்றாம் துட்மோஸின் சிதைந்த உடலைத் துடுப்பு வடிவச் சிறு மரத்துண்டுகள் வைத்துக் கட்டி நிமிர்த்தியிருக்கிறார்கள். தங்கம் இருந்தால் திருடன் மறுபடி வருவான், ஆகவே அதை அகற்றுவதே பாதுகாப்பு என்றும் வாதிடலாம். நியாயமான வாதம்தான். ஆனால் பெட்டிகளுக்கு அது பொருந்தாது. தலைமைப் பூசாரியாக இருந்து அரசப் பட்டமும் சூடிக்கொண்ட முதலாம் பினெஜெம், முதலாம் துட்மோஸுக்காகச் செய்த சவப்பெட்டிகளைத் தனக்கென மாற்றி அமைத்துக்கொண்டான். அந்தக் காலத்துச் சவப்பெட்டிகளை ஆராய்ந்த கேத்லின் கூனி, பாதிக்கும் மேற்பட்டவற்றில் மறுபயன்பாட்டின் தடயங்களைக் கண்டிருக்கிறார். பழைய பெயரின் மேல் சுதை பூசிப் புதுப் பெயர் எழுதிவிட்டால் வேலை முடிந்தது. மரமும் பொன்னும் தட்டுப்பாடான காலத்தில் முன்னோர் கல்லறைகளே கிடங்காகின.

என்னை அதிகம் உறுத்துவது புதேஹாமுன் என்ற கல்லறை எழுத்தர். நூபியாவில் போர் நடத்திக்கொண்டிருந்த தளபதி பியான்க், பழைய கல்லறைகளில் ஒன்றைத் திறக்கும்படியும், தான் வரும்வரை அதன் முத்திரையைக் காக்கும்படியும் இட்ட உத்தரவு, புதேஹாமுன் எழுதிய பதில் கடிதத்தில் பதிவாகியிருக்கிறது. அது அரசர் கல்லறை என்று கடிதம் சொல்லவில்லை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் பின்னாளில் மூன்றாம் ராம்செஸின் மம்மியைப் புதுப்பிக்கும் பணி ஒப்படைக்கப்பட்டவர்களில் இதே புதேஹாமுனும் ஒருவன். மம்மியின் மேலுள்ள குறிப்பே அதைச் சொல்கிறது. திறந்தவனும் காத்தவனும் ஒரே ஆள் என்னும்போது, காத்தவன் எழுதிவைத்த குறிப்பை மட்டும் சாட்சியாக ஏற்பது சரியல்ல.

மற்றக் கேள்விகளுக்குச் சுருக்கமாக:

துட்டன்காமனின் தங்கம் மட்டும் எப்படித் தப்பியது? பழங்காலத் திருடர்கள் இரு முறை நுழைந்தும் பெரும்பகுதி பிழைத்தது. பின்னர் இடிபாடுகளும் வேலையாட்களின் குடிசைகளும் வாசலை மூடிவிட்டதால் பூசாரிகளின் கையும் அதை எட்டவில்லை.

அவனது மம்மி புதிய அருங்காட்சியகத்தில் இருக்கிறதா? இல்லை, லக்சரில் அவன் கல்லறையில்.

மற்ற அரசர்கள்? 2021 ஏப்ரல் 3-இல் 22 அரச மம்மிகள் ஊர்வலமாகக் கெய்ரோவின் ஃபுஸ்தாத் பகுதி அருங்காட்சியகத்துக்குப் போயின.

துட்டன்காமன் கல்லறையின் சாபம்? அகழாய்வுக்குப் பணம் தந்த கார்னார்வன் பிரபு 1923-இல் கொசுக்கடி சீழ்பிடித்து இறந்தார். கல்லறையைத் திறந்த ஹோவர்ட் கார்ட்டர் 1939 வரை வாழ்ந்தார்.