கோயில் வாயில் முதல் பள்ளிவாசல் வரை

வழிகாட்டுதலையே ஓர் இலக்கிய வகையாக வளர்த்தெடுத்த மொழி நம் தமிழ். பரிசில் பெற்று மீளும் பாணனோ கூத்தனோ, எதிரே வரும் வறியவனிடம் தான் நடந்த வழியையும், இடையிலுள்ள ஊர்களையும், அவ்வூர் மாந்தரின் இயல்பையும் எடுத்துரைத்து அனுப்புவதே ஆற்றுப்படை. தாம் நடந்தறிந்த வழியைப் பிறர்க்குச் சொல்வதே அதன் உயிர்நாடி. இதற்கு மாறாகச் சிலப்பதிகாரத்து ஊர்காண் காதையில் கோவலன் தனியனாக மதுரையைச் சுற்றி வருகிறான். மணிக்கடைகளையும் பொற்கடைகளையும் கண்டு மகிழ்கிறான். ஆனால், அந்நகரில் தனக்கென என்ன காத்திருக்கிறது என்பதை அவன் அறிந்தானில்லை. கண்ணால் காண்பதற்கும் கேட்டு அறிவதற்கும் உள்ள இடைவெளி அத்துணைப் பெரிது.

அவ்விடைவெளியை இணைக்கும் ஒரு முயற்சியே, இன்று பெருநகரங்களில் நடைபெறும் வழிகாட்டியுடன் கூடிய நகர்நடை. பத்து அல்லது இருபது பேர் ஒரு சிறு குழுவாகச் சேர்ந்து, ஊரறிந்த ஒருவர் முன்செல்ல, நகரின் பழம்பகுதியைக் காலால் நடந்து காண்பது அது. இந்தியாவில் இதற்கு நல்லதொரு முன்மாதிரியாகத் திகழ்வது குஜராத் மாநிலத்து அகமதாபாத். அந்நகரில் ஒரு காலைப்பொழுது நாம் நடந்து கண்டவற்றையும், அந்நடை எழுப்பிய வினாக்களையும் இங்கே தொகுத்துரைக்க விழைகிறோம்.

நகரும் நடையும்

சபர்மதி ஆற்றின் கீழ்க்கரையில் 1411ஆம் ஆண்டு சுல்தான் அகமது ஷா நிறுவிய நகரம் அகமதாபாத். பருத்தி, பட்டு, பொன் ஆகியவற்றின் வாணிகத்தால் செழித்த இம்மதில்நகர், 2017ஆம் ஆண்டு யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றது. இந்தியாவிலிருந்து ஒரு நகரம் என்ற முறையில் அப்பெருமையைப் பெற்ற முதல் நகரம் இதுவே. அதற்கு இருபது ஆண்டுகள் முன்னரே, 1997ஆம் ஆண்டு நவம்பர் 19ஆம் நாள், அந்நகர மாநகராட்சி இந்நடையைத் தொடங்கிவிட்டது என்பது நினைவிற்கொள்ளத்தக்கது.

காலை எட்டு மணியை ஒட்டிக் காலுப்பூர்ப் பகுதியிலுள்ள சுவாமி நாராயணன் கோயில் வளாகத்தில் நடை தொடங்குகிறது. ஏறத்தாழ இரண்டரை மணி நேரம் கழித்து ஜும்ஆ மஸ்ஜிதில் நிறைவுறுகிறது. இடையில் இருபதுக்கும் மேற்பட்ட இடங்கள். வண்டியில் சென்றால் சில நிமிடங்களில் கடந்துவிடக்கூடிய தொலைவுதான். ஆனால், அவ்வழியின் பெரும்பகுதிக்குள் வண்டி நுழைய இயலாது.

குழு ஏன் சிறியதாக இருத்தல் வேண்டும்? சந்துகள் குறுகியவை. நால்வர் சேர்ந்து நின்றால் ஐந்தாமவர்க்கு வழியில்லை. வழிகாட்டி குரலை உயர்த்தாமல் பேசினாலும் கடைசியில் நிற்பவர்க்குக் கேட்கவேண்டும். எல்லாவற்றிற்கும் மேலாக, நாம் நுழைவது காட்சிச்சாலை அன்று, பிறர் குடியிருக்கும் தெரு. பெருங்கூட்டம் சென்றால் அது படையெடுப்பாகிவிடும். சிறு குழு சென்றால் விருந்தாகும். காலைப்பொழுதைத் தேர்ந்ததற்கும் காரணம் உண்டு. வெயில் ஏறுவதற்கு முன், கடைகள் திறப்பதற்கு முன், சுவர்களும் தூண்களும் மறைப்பின்றிக் கண்ணுக்குப் புலனாகும்.

கதவுகளின் ஊர்

நடை தொடங்கும் கோயில் 1822ஆம் ஆண்டில் எழுந்தது. சுவாமி நாராயண நெறியினரின் முதற்கோயில் அது. வண்ணம் தீட்டிய மரச்சிற்பங்களைப் பார்த்துவிட்டு வெளியேறினால், சற்றுத் தொலைவில் 'போல்' எனப்படும் குடியிருப்புகள் தொடங்குகின்றன. வாயில் என்று பொருள்படும் 'பிரதோலி' என்னும் வடசொல்லின் திரிபே 'போல்' என்பர். பெயர்க்கேற்ப ஒவ்வொரு போலுக்கும் ஒரு பெருவாயில். வாயிலுக்கு வலிய மரக்கதவு. உள்ளே கிளைத்துச் செல்லும் சந்துகள். அவற்றின் இருபுறமும் தோளோடு தோள் சேர்ந்து நிற்கும் வீடுகள். ஒரே குலத்தார், ஒரே தொழிலார் அல்லது ஒரே சமயத்தார் சேர்ந்து வாழ்ந்த இடங்கள் இவை. அமைதி குலைந்த காலங்களில் இரவில் கதவை அடைத்துவிட்டால், உள்ளிருப்போர்க்கு அதுவே கோட்டை.

வீட்டு முகப்பில் 'ஓட்லோ' என்னும் திண்ணை. தமிழ்நாட்டவர்க்கு அதை விளக்கத் தேவையில்லை. உள்ளே வானம் பார்த்த முற்றம். முற்றத்தின் அடியில் 'டாங்கா' எனப்படும் நிலத்தடித் தொட்டி. கூரையில் விழும் மழைநீரைச் சேர்த்து ஆண்டு முழுதும் பருகிய அறிவு அது. மரங்களுக்கு இடமில்லாத இச்சந்துகளில் பறவைகள் பட்டினி கிடக்கலாகாது என்று, தெருமுனைகளில் உயர்ந்த தூணின்மேல் சிறு மண்டபம் அமைத்துத் தானியம் இட்டுள்ளனர். இதற்குச் 'சபூத்ரோ' என்று பெயர்.

இவ்வீடுகள் மரச்சட்டங்களால் பிணைக்கப்பட்டவை. செங்கற் சுவருக்குள்ளும் இடையிடையே மரம் ஓடுகிறது. 2001ஆம் ஆண்டு சனவரி 26ஆம் நாள் நேர்ந்த நிலநடுக்கத்தில் அந்நகரின் புதிய அடுக்குமாடிகள் பல சரிந்து விழுந்தன. 1960களில் புதுமைப் பொறியியலுக்குச் சான்றாக எழுந்த காலிகோ கவிகைக் கூடமும் சரிந்தது. ஆனால், மரம் பிணைத்த பழைய வீடுகளுள் பல அசைந்து கொடுத்து நிலைத்து நின்றன. வளைந்து கொடுப்பது வலுவின் ஒரு வகை என்னும் பாடத்தை அச்சுவர்களே கற்பிக்கின்றன.

சில சமணக் கோயில்கள் வெளியிலிருந்து நோக்க வீடுகளைப் போலவே தோன்றும். உட்புகுந்தால் சலவைக்கல் தூண்களும், கீழே நிலவறையும். அச்சம் சூழ்ந்த காலங்களில் வழிபாட்டுருவங்களைக் காக்க மனிதர் கண்ட வழி அது. ஒரு போலிலிருந்து மற்றொரு போலுக்குச் செல்லும் மறைவழிகளும் உண்டு. வழிகாட்டி ஒரு வீட்டின் கதவு போன்ற ஒன்றைத் தள்ளினார். வீடு என்று நாம் எண்ணியது வழியாக இருந்தது. கதவை அடைத்து வாழ்ந்தவர்களே, அடுத்தவரிடம் செல்ல ஒரு வழியையும் திறந்து வைத்திருந்தனர் என்பதை எண்ணி வியந்தோம்.

இரு புலவர்கள்

இலக்கியம் பயில்வோர் கட்டாயம் நிற்கவேண்டிய இடம் ஒன்று இவ்வழியில் உண்டு. இலம்பேசுவர் போலில், குஜராத்தி மொழியின் புதுக்கால இலக்கிய முன்னோடிகளுள் ஒருவரான கவிஞர் தல்பத்ராம் (1820–1898) வாழ்ந்தார். அங்கே அவரது வீட்டின் முகப்பைப் போல் ஒன்றை எழுப்பி, அதன் திண்ணையில் அவர் அமர்ந்திருப்பதுபோல் ஆளுயர வெண்கலச் சிலை வைத்துள்ளனர். பீடமில்லை, வேலியில்லை. தெருவில் நடப்போர் அவரருகே அமரலாம். நாம் சென்ற காலையில், சிறுவன் ஒருவன் தன் பள்ளிப்பையைக் கவிஞரின் பக்கத்தில் வைத்துவிட்டுக் காலணியின் கயிற்றைக் கட்டிக்கொண்டிருந்தான். ஒரு மொழி தன் கவிஞனுக்குத் தரும் சிறப்பு இதனினும் வேறு என்ன வேண்டும்!

ஆயின், இவ்வூரில் அடங்கிய மற்றொரு புலவரையும் இங்கே நினையாதிருக்க இயலவில்லை. உருதுக் கசல் கவிதையின் முன்னோடியாகப் போற்றப்படும் வலீ, 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அகமதாபாத்தில் மறைந்தார். குஜராத்தைப் பிரிந்த துயரைக் கவிதையாக்கியவர் அவர். சாகிபாக் பகுதியில் இருந்த அவரது அடக்கத்தலம் 2002ஆம் ஆண்டுக் கலவரத்தின்போது இடிக்கப்பட்டது. அதன்மேல் சாலையும் போடப்பட்டுவிட்டது. ஊரைப் பிரிந்து வருந்திப் பாடியவரின் அடக்கத்தலத்திற்கே அவ்வூரில் இடமில்லாது போயிற்று. ஒரு புலவர் திண்ணையில் வீற்றிருக்கிறார். ஒரு புலவர் சாலைக்கடியில் இருக்கிறார். நகர்நடையின் வரைபடத்தில் இரண்டாவது இடம் இல்லை. எனினும், முதல் இடத்தில் நிற்கும்போது இரண்டாவதும் நெஞ்சில் வந்து நிற்கிறது.

நடை என்ன செய்தது?

இங்கே ஒரு வினா எழுதல் இயல்பு. கோயிலில் தொடங்கிப் பள்ளிவாசலில் முடியும் நடை 1997ஆம் ஆண்டிலேயே தொடங்கியது. 1969இலும் 1985இலும் குருதி சிந்திய அந்நகரம், நடை தொடங்கிய பின்னரும் 2002இல் மீண்டும் சிந்தியது. அப்படியாயின் நடையால் விளைந்த பயன் யாது?

நேர்மையாகச் சொல்வதாயின், ஒரு காலை நடை எந்தக் கலவரத்தையும் தடுத்துவிடாது. அதற்கு அரசு வேண்டும், சட்டம் வேண்டும், நீதி வேண்டும். நடை செய்யக்கூடியது வேறொன்று. வெறுப்பு எப்போதும் அறியாத தெருவைப் பற்றியே பேசுகிறது. 'அந்தப் பக்கம்' என்று கைநீட்டிச் சொல்லும். அங்கே எந்த வீட்டுத் திண்ணையில் யார் அமர்ந்து பட்டாணி உரிக்கிறார் என்று அதற்குத் தெரியாது. அச்சந்தில் ஒருமுறையேனும் தலைகுனிந்து நடந்தவர்க்கு, 'அந்தப் பக்கம்' என்பது பெயரும் முகமும் உடைய இடமாகிவிடுகிறது. வதந்தி வந்து சேரும்போது, 'நாம் அங்கே நடந்திருக்கிறோமே' என்று ஒரு நொடி தயங்க வைக்கும். அந்த ஒரு நொடியே நடையின் பயன்.

இன்னொரு பயனும் உண்டு. போல்களில் வாழ்ந்த குடும்பங்கள் பல ஆற்றின் மேற்கே புதிய குடியிருப்புகளுக்குச் சென்றுவிட்டன. வெறுமையான வீடுகள் சில சரக்கறைகளாகிவிட்டன. தம் வீட்டுத் தூணை வெளியூரார் நின்று வியந்து நோக்குவதைக் காணும்போது, அதைக் கழற்றி விற்க எண்ணியவரும் மறுமுறை சிந்திக்கிறார். பாதுகாப்பு என்பது பலகையில் எழுதி வைப்பதால் மட்டும் வருவதன்று; பார்ப்பவர் கண்ணிலிருந்தும் வருகிறது.

பள்ளிவாசலில் நிறைவு

சந்துகளைக் கடந்து வந்தால் மாணிக் சவுக் என்னும் அங்காடிச் சதுக்கம். காலையில் காய்கறி, பகலில் பொன்னும் மணியும், இரவில் சிற்றுண்டி என ஒரே இடம் நாளில் மூன்று முகம் காட்டுகிறது. மாணிக்நாதர் என்னும் துறவியின் பெயரால் அச்சதுக்கம் வழங்குகிறது. சுல்தான் பகலில் எழுப்பிய மதிலை, அத்துறவி தாம் நெய்த பாயை இரவில் பிரித்து விழச்செய்தார் என்பது மக்கள் வழங்கும் கதை. மதில் எழுப்பிய மன்னன் பெயரை ஊர் தாங்குகிறது. மதிலைத் தடுத்த துறவியின் பெயரை ஊரின் நடுவிடம் தாங்குகிறது. இருவரையும் மறவாத மக்களின் பெருந்தன்மை அது.

சதுக்கத்தின் ஒருபுறம் அரசியர் அடக்கத்தலம். அதைச் சுற்றிலும் வளையலும் துணியும் விற்கும் கடைகள். மறுபுறம் 1442இல் மறைந்த அகமது ஷாவின் அடக்கத்தலம். அதற்கு மேற்கே, 1424ஆம் ஆண்டில் அவர் கட்டி முடித்த ஜும்ஆ மஸ்ஜித். அங்காடியின் இரைச்சல் படியேறும்போதே அடங்குகிறது. அகன்ற முற்றம், நடுவே ஒளூச் செய்யும் நீர்த்தடாகம், தொழுகைக்கூடத்தில் 260 தூண்கள், மேலே 15 கவிகைகள். தூண்களை உற்றுநோக்கினால், காலையில் நாம் கண்ட கோயில்களின் உளிவேலை இங்கும் தென்படுகிறது. குஜராத்தின் சிற்பிகள் தம் கைத்திறனை மாற்றிக்கொள்ளவில்லை. உருவங்களை விடுத்துக் கொடிகளையும் மலர்களையும் செதுக்கினர். 1819ஆம் ஆண்டு நிலநடுக்கத்தில் மினாராக்களின் மேற்பகுதி விழுந்தது. தூண்கள் இன்றும் நிற்கின்றன. கோயிலில் தொடங்கியவர் இங்கு வந்து நிற்கும்போது, வேறோர் ஊருக்கு வந்துவிட்டதாக உணர்வதில்லை.

நடப்போர்க்குச் சில சொற்கள்

இத்தகைய நடையில் கலந்துகொள்வோர் மனங்கொள்ள வேண்டியவை சில. வழிபாட்டிடங்களில் காலணி களைதல் வேண்டும் என்பதால் எளிதில் கழற்றக்கூடியதை அணிதல் நலம். உடை அடக்கமாக இருத்தல் வேண்டும். இசைவு பெறாமல் எவரையும் படம் எடுத்தலாகாது. திறந்திருக்கும் கதவு நம்மை அழைப்பதாகக் கருதி உள்ளே எட்டிப் பார்த்தலும் தகாது. வழிகாட்டி சொல்வதில் வரலாறு எது, வழக்காறு எது எனப் பிரித்துக் கேட்டல் மாணவர் கடமை. இரண்டும் வேண்டும், ஆனால் ஒன்றை மற்றொன்றாகக் கொள்ளலாகாது.

நம் துறை மாணவர்க்கு இறுதியாக ஒன்று கூற விழைகிறோம். இந்நடைக்காகக் குஜராத் வரை செல்லவேண்டும் என்பதில்லை. சென்னைத் திருவல்லிக்கேணியில் பார்த்தசாரதி கோயிலும், 1795ஆம் ஆண்டில் எழுந்த வாலாஜா பள்ளிவாசலும் நடந்து செல்லும் தொலைவில்தான் உள்ளன. நம் ஊரிலும் ஒரு கோயிலிலிருந்து ஒரு பள்ளிவாசல் வரை தெரு ஒன்று இருக்கும். அத்தெருவின் பெயர் எப்படி வந்தது, அதன் கிணற்றை யார் தோண்டினார், அந்தத் திண்ணையில் யார் பாடம் சொன்னார் என்று கேட்டறிந்து, பத்துப் பேரை அழைத்துக்கொண்டு நடந்து காட்டுங்கள். சமுதாயப் பெரியோர்கள் தாம் அறிந்தவற்றை அம்மாணவர்க்கு எடுத்துரைத்தால், அதுவே இக்காலத்து ஆற்றுப்படையாகும். பெரியோர் மறைந்த பின் தெரு இருக்கும். தெருவின் கதை இருக்காது.