பணியாளர் இழப்பீட்டுச் சட்டம், 1923

பணியாளர் இழப்பீட்டுச் சட்டம், 1923 என்பது பணி காரணமாக, பணியின்போது நேரும் விபத்தில் இறக்கும் அல்லது காயமுறும் தொழிலாளருக்கு இழப்பீடு கிடைக்க வழிசெய்த இந்தியச் சட்டமாகும். 1924 சூலை 1 முதல் நடைமுறையில் இருந்தது. 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம், 2020 இதன் இடத்தைப் பெற்றது.

கணக்கிடும் முறை

உயிரிழப்புக்கு, மாத ஊதியத்தின் பாதி வயதுக்குரிய காரணியால் பெருக்கப்பட்டது. 2020 முதல் ஊதிய உச்சவரம்பு 15,000 ரூபாய். அவ்வூதியம் பெற்ற 30 வயதுத் தொழிலாளருக்கு 7,500 × 207.98 = 15,59,850 ரூபாய். முதலாளியின் தவறை நிறுவ வேண்டியதில்லை. இம்முறை புதிய சட்டத்திலும் தொடர்கிறது.

ஒப்பந்தத் தொழிலாளர்

சென்னையின் தரமணி போன்ற பகுதிகளில் பெரிய கட்டுமானப் பணிகள் பல அடுக்கு ஒப்பந்தங்கள் வழியே நடைபெறுகின்றன. குடும்பத்தினர் பெரும்பாலும் மேஸ்திரியை மட்டுமே அறிந்திருப்பர். ஆயினும் 12ஆம் பிரிவின்படி, கட்டுமான நிறுவனம் தன் தொழிலின் பகுதியான வேலையைத் துணை ஒப்பந்ததாரரிடம் விட்டிருந்தால், அந்நிறுவனத்திடமே இழப்பீடு கோர முடிந்தது.

தொகை செலுத்துதல்

உயிரிழப்புக்கான தொகையை முதலாளி ஆணையரிடமே செலுத்த வேண்டும். சென்னையில் தொழிலாளர் துணை ஆணையர் இப்பொறுப்பை வகித்தார். குடும்பத்தினரிடம் நேரடியாக அளித்த பணம், மூன்று மாத ஊதியத்துக்கு மிகாத முன்பணம் நீங்கலாக, இழப்பீடாகக் கொள்ளப்படவில்லை. எனவே சிறுதொகை பெற்றுக் கையெழுத்திட்ட குடும்பமும் உரிமையை இழக்கவில்லை. ஒரு மாதத்துக்குள் செலுத்தாவிடில் 12 விழுக்காடு வட்டி சேர்ந்தது.

கோரிக்கை மனு

விபத்து நிகழ்ந்த இரண்டு ஆண்டுகளுக்குள் மனு அளிக்க வேண்டியிருந்தது. 1995ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, குடும்பத்தினர் தாம் வசிக்கும் பகுதியின் ஆணையரிடமும் மனு அளிக்க முடிந்தது. 2014 சூன் 28 அன்று மௌலிவாக்கத்தில் 11 மாடிக் கட்டடம் இடிந்து 61 பேர் இறந்தனர். அவர்களுள் பலர் ஆந்திரப் பிரதேசம், ஒடிசா ஆகிய மாநிலத்தவர். இத்தகைய குடும்பங்களுக்கு இவ்வசதி இன்றியமையாதது.