இரண்டாவது ரயில்

பேசாப் படக் காலத்துக் காதல் காமெடிகளில் எதை முதலில் பார்ப்பது என்று ஒரு வாசகி கேட்டிருக்கிறார். சாப்ளின் பெயரைச் சொல்வேன் என்று எதிர்பார்த்திருப்பார். என் வோட்டு 1920இல் வந்த 'ஒன் வீக்' படத்துக்கு. பஸ்டர் கீட்டன், எட்வர்ட் கிளைனோடு சேர்ந்து இயக்கி, தானே நடித்த இரண்டு ரீல் அமெரிக்கப் படம்.

புதுமணத் தம்பதிக்கு மாமா மனையும் வீடும் பரிசாகத் தருகிறார். வீடு பெட்டிகளில் வருகிறது. எண் பார்த்துப் பொருத்த வேண்டும். பெண் கிடைக்காத வயிற்றெரிச்சலில் ஒருவன் எண்களை மாற்றிவிட, கோணல்மாணலாக ஒரு வீடு எழும்புகிறது. புயலில் அது பம்பரமாய்ச் சுற்றும். அதற்காகவே சுழல்மேடையில் கட்டியிருந்தார்கள். நாயகி சிபில் சீலி குளிக்கும்போது சோப்பு தொட்டிக்கு வெளியே விழுந்துவிடும். எடுக்க எழ வேண்டுமே! கேமராவுக்குப் பின்னாலிருந்து ஒரு கை நீண்டு லென்ஸைப் பொத்திக்கொள்ளும். நூறு வருஷத்துக்கு முந்தைய குறும்பு.

ஆனால் எனக்குப் பிடித்தது ரயில்தான். கட்டியது அடுத்தவர் மனையில். தங்களுடையது தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் என்று தெரிந்ததும் வீட்டைக் காரில் கட்டி இழுக்கிறார்கள். நடுத் தண்டவாளத்தில் அது மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது. இருவரும் கண்ணைப் பொத்திக்கொள்ள, ரயில் பக்கத்துப் பாதையில் போய்விடுகிறது! எந்தப் பாதை என்று நமக்குத் தெரியாத கோணத்தில் கேமராவை வைத்ததுதான் வித்தை. அப்பாடா என்று மூச்சு விடுவதற்குள் எதிர்ப்பக்கத்து ரயில் வீட்டைச் சுக்குநூறாக்குகிறது. பொம்மையல்ல, நிஜ ரயில். எங்கள் ஊர் கேட்டில் முதல் ரயில் போனதுமே பைக்கை முறுக்கிக்கொண்டு கேட்கீப்பரைத் திட்டுகிறவர்களுக்கு இந்தக் காட்சி நன்றாகப் புரியும்.

இந்தக் காட்சியைத்தான் இப்போது இணையத்தில் துணுக்காக நறுக்கிப் போடுகிறார்கள். முதல் ரயிலை வெட்டிவிட்டு மோதல் மட்டும். அதையும் செல்போன் அளவுக்கு நெடுக்காக வெட்டி, பாதி வீட்டைக் காணோம். மேலே 'டொய்ங்' சத்தம் வேறு. முதல் ரயில் இல்லையென்றால் இது வெறும் விபத்துக் காட்சி.

முழுப் படமும் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. ஓரம் வெட்டாத, பியானோ இசை மட்டும் சேர்த்த பிரதியாகத் தேடுங்கள். அரை மணி நேரம்கூட ஆகாது.